உயிரோடு இருப்பவரின் போட்டோவுக்கு மாலை

இந்தத் தொழிலில் கதாநாயகன் கிடைப்பான். வில்லன் கிடைப்பான். அழகான பெண் வேண்டும் என்றால் எலெக்ட்ரானிக் சிட்டியில் கம்ப்யூட்டர் வேலையை விட்டுவிட்டு நடிக்க வருகிறேன் என்று வரிசையில் நிற்கிறார்கள். லேசில் கிடைக்காத ஆள் ஒருவன்தான். செத்தவன்.

நடிகர் தேர்வு வேலைக்குப் புதிதாக வந்திருக்கும் பிள்ளைகளுக்கு ஏதாவது எழுதிக் கொடுங்கள் என்று கேட்டீர்கள். எனக்கு உபதேசம் செய்ய வராது. திட்டத்தான் வரும். விளம்பரம், சீரியல், கன்னடப் படம், தமிழ்ப் படம் என்று பெங்களூரில் எல்லாவற்றுக்கும் ஆள் பிடித்துக் கொடுத்திருக்கிறேன். விளம்பரங்கள் இயக்கியிருக்கிறேன். ஒரே ஒரு சினிமாவும் இயக்கினேன். அது ஓடவில்லை. அதில் நடந்த ஒன்றைத்தான் சொல்லப் போகிறேன். அது செத்தவன் வேடத்துக்கு ஆள் பிடித்த கதை.

பிணமாகப் படுக்க ஆள் கிடைத்துவிடும். ஷாட் முடிந்ததும் அவர் எழுந்து உட்கார்ந்து கேமராவைப் பார்த்துச் சிரிக்க வேண்டும். அதையும் படம் எடுத்துவிட்டால் தோஷம் போயிற்று என்பது நம் செட்டுகளின் வழக்கம். நீங்களும் பார்த்திருப்பீர்கள். ஆனால் சுவரில் மாலையோடு தொங்குகிற போட்டோ இருக்கிறதே, அதற்கு முகம் கொடுக்க மட்டும் யாரும் வரமாட்டார்கள். பிணமாகப் படுத்தவரே மாட்டேன் என்பார். காரணம் நியாயமானது. படுத்தவர் எழுந்துவிடுவார். போட்டோ எழுந்திருக்காது. சிரித்து தோஷம் கழிக்கலாம் என்றால், போட்டோவில் ஆள் ஏற்கெனவே சிரித்துக்கொண்டுதான் இருக்கிறார்.

அதனால் நான் ஒரு வழக்கம் வைத்திருந்தேன். போட்டோ கொடுப்பவர் செட்டுக்கு வர வேண்டும். மாலை போடுவதைக் கண்ணால் பார்க்க வேண்டும். ஷாட் முடிந்ததும் தன் கையாலேயே மாலையைக் கழற்றி, போட்டோவை எடுத்துக்கொண்டு போக வேண்டும். இதைச் சொன்னதுமே பாதிப் பேர் ஓடிவிடுவார்கள். ஓடட்டும். ஓடாதவன்தான் உண்மையாகச் சம்மதித்தவன். உங்களுக்கு இதிலெல்லாம் நம்பிக்கை உண்டா என்று என்னைக் கேட்காதீர்கள். போட்டோ என்னுடையது இல்லை. பயமும் என்னுடையது இல்லை. என்னுடையதாக இல்லாத பயத்தைப் பார்த்துச் சிரிக்க எனக்கு உரிமை கிடையாது.

இனி தனத்தைப் பற்றிச் சொல்கிறேன்.

தனத்தை எனக்குக் காட்டிக் கொடுத்ததும் ஒரு பிணம்தான். அல்சூரில் ஒரு சந்தில் சீரியலுக்காகச் சாவு வீடு போட்டிருந்தோம். ஷாமியானா, பிளாஸ்டிக் நாற்காலிகள், நடுவில் பெஞ்சில் பிணமாக ஒரு நாடக நடிகர். சுற்றி உட்கார்ந்து அழுவதற்காக அழைத்து வந்த பெண்கள் அழவில்லை. ஒருத்தி முந்தானைக்குள் போனை வைத்து வீடியோ பார்த்துக்கொண்டிருந்தாள். நான் கத்திக் கத்தித் தொண்டை வறண்டுபோய் நின்றேன். அப்போது பஸ்ஸை விட்டு இறங்கி வந்த ஒரு பெண், கையில் டிபன் கேரியர் பையோடு, கூட்டத்தைப் பிளந்துகொண்டு உள்ளே போனாள். பையை ஓரமாகச் சாய்த்து வைத்தாள். உட்கார்ந்தாள். மாரில் அடித்துக்கொண்டு ஆரம்பித்தாள் பாருங்கள். இத்தனை நேரம் போனைப் பார்த்துக்கொண்டிருந்தவளும் சேர்ந்து அழுதாள். பிணத்தின் இமை நனைந்தது. பிணம் அழுதால் ஷாட் கெட்டது; அதற்குத் தனியாகக் கோபம் வர வேண்டும், ஆனால் வரவில்லை.

ஷாட் முடிந்தது. அந்தப் பெண் முகத்தைத் துடைத்துக்கொண்டு பக்கத்தில் இருந்தவளிடம் கேட்டாள்:

"யாருமா செத்தது?"

"இது ஷூட்டிங்கு அக்கா."

அவள் பிணத்தைப் பார்த்தாள். பிணம் கண்ணைத் திறந்து அவளைப் பார்த்தது.

"அடப்பாவி மனுசா! எம்மாம் கண்ணீரு வேஸ்ட்டா போச்சு!"

எல்லாரையும்விட அதிகமாகச் சிரித்தது அவள்தான். பையை எடுத்துக்கொண்டு கிளம்பியவளைப் பின்னாலேயே ஓடிப் பிடித்தேன்.

"ஏம்மா, செத்தது யாருன்னே தெரியாம எதுக்கு அழுத?"

"நம்ம தெருவுல ஒரு சாவு, அழுவாம எப்பிடிக்கா தாண்டிப் போறது?" என்றாள்.

நீங்கள் போனில் வீடியோ வாங்கி ஆள் தேர்ந்தெடுக்கிறீர்கள். நல்லது, பெட்ரோல் மிச்சம். ஆனால் தனம் உங்களுக்கு வீடியோ அனுப்பியிருக்கமாட்டாள். எலெக்ட்ரானிக் சிட்டியில் ஒரு பெண்கள் ஹாஸ்டலில் அவள் சமையல் வேலை பார்த்துக்கொண்டிருந்தாள். தன்னால் நடிக்க முடியும் என்று அவளுக்கே தெரியாது.

அதன்பிறகு சின்னச் சின்ன வேடங்களுக்கு அவளைக் கூப்பிட்டேன். பக்கத்து வீட்டுக்காரி, காய்கறிக்காரி. எனக்கு ஒரு சினிமா இயக்கும் வாய்ப்பு வந்தபோது அவளையே நாயகியாகப் போட்டேன். கணவன் இறந்த பிறகு ஒரு பெண் தனியாக மெஸ் நடத்துகிற கதை. தயாரிப்பாளர் குதித்தார். வீட்டுமனை விற்றுச் சம்பாதித்தவர். பெயர் தெரிந்த நடிகை ஒருத்தியைப் போடலாம், நிறத்தை மேக்கப்பில் குறைத்துக்கொள்ளலாம் என்றார். கறுப்பு வேண்டும் என்றால் கறுப்பாக இருப்பவளைக் கூப்பிடுங்கள், டப்பாவில் வாங்கிப் பூசாதீர்கள் என்றேன். இன்னும் சில வார்த்தைகளும் சொன்னேன். அவை அச்சில் வேண்டாம். கடைசியில் ஒத்துக்கொண்டார்.

தனத்திடம் கதை சொல்ல அவள் வீட்டுக்குப் போனேன். அல்சூர் ஏரிக்குப் பின்பக்கம் ஒற்றை அறை வீடு. அவள் கணவர் ஏழுமலை கட்டிலில் உட்கார்ந்திருந்தார். கோலார் தங்கவயல்காரர். சுரங்கத்தில் வேலை பார்த்தவர். சுரங்கத்தை மூடியதும் பெங்களூருக்கு வந்து அப்பார்ட்மென்ட் வாட்ச்மேன் ஆனார். சுரங்கத்தின் தூசி மட்டும் அவர் நெஞ்சில் கூடவே வந்துவிட்டது. நாலு வார்த்தை பேசினால் ஒரு இருமல். ஆனால் அந்த நாலு வார்த்தையை அவர் விடமாட்டார்.

"மேடம், படத்துல இவளுக்குப் புருசன் யாரு?"

"படம் ஆரம்பிக்கும்போதே செத்துட்டார்."

"நல்லவேளை. தப்பிச்சான்."

தனம் கையில் இருந்த முறத்தை அவர் மேல் வீசினாள். அவர் குனிந்துகொண்டார். தினமும் பழகியவர் குனிகிற மாதிரி இருந்தது.

படப்பிடிப்பு பாதி முடிந்திருந்தபோது ஏழுமலைக்கு மூச்சு முட்டிப்போய் அரசு ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். நெஞ்சில் ஆபரேஷன் செய்ய வேண்டும் என்றார்கள். பிழைத்துவிடுவார் என்று டாக்டர் சொல்லவில்லை. மாட்டார் என்றும் சொல்லவில்லை. படத்தை நிறுத்தி வைக்கிறேன், ஆபரேஷன் முடியட்டும் என்று தனத்திடம் சொன்னேன்.

"வேணாங்கா. அங்கயே குந்திக்கினு அவரு மூஞ்சியப் பாத்துக்கினு இருந்தா எனக்குப் பைத்தியம் புடிச்சிரும். பகல்ல வந்து நடிச்சிட்டுப் போறேன்."

அவள் ஆஸ்பத்திரியில் இருந்து நேரே செட்டுக்கு வருவாள். செட்டில் இருந்து நேரே ஆஸ்பத்திரிக்குப் போவாள்.

பிரேசர் டவுனில் ஒரு பழைய வீட்டை வாடகைக்கு எடுத்திருந்தோம். அன்றைக்கு எடுக்க வேண்டியது, தனம் சுவரில் இருக்கும் கணவன் போட்டோவுக்கு விளக்கேற்றிவிட்டு அவனோடு பேசுகிற காட்சி. போட்டோவுக்கு ஓய்வுபெற்ற வங்கிக்காரர் ஒருவர் ஒத்துக்கொண்டிருந்தார். காலையில் அவரிடமிருந்து போன். மருமகள் வேண்டாம் என்கிறாளாம். சரி என்று சொல்லிவிட்டு, கலை உதவியாளன் கிரணிடம், "சுவத்த காலியா விடு. நான் வேற ஆள் பாக்கறேன்" என்று சொல்லி, வராந்தாவுக்குப் போய் போன் போட ஆரம்பித்தேன். தெரிந்தவர், தெரியாதவர் எல்லாரும் நன்றாக விசாரித்துவிட்டு மாட்டேன் என்றார்கள்.

கிரண் நல்ல பையன். வேலையில் சேர்ந்து கொஞ்ச காலம்தான். மேடம் கஷ்டப்படுகிறார்களே என்று அவனுக்கு இரக்கம் வந்துவிட்டது. இந்தத் தொழிலில் பாதி நாசம் இரக்கத்தால்தான் வருகிறது. அறையை அலங்கரிக்க இளவயதுப் படம் வேண்டும் என்று தனத்திடமிருந்து அவளுடைய கல்யாண போட்டோவை முன்பே வாங்கி வைத்திருந்தான். தங்கவயல் ஸ்டுடியோவில் எடுத்தது. அதில் மாப்பிள்ளையை மட்டும் தனியாக வெட்டி, பெரிதாகப் பிரின்ட் போட்டு, சட்டம் மாட்டி, நெற்றியில் குங்குமம் வைத்து, மாலை போட்டுச் சுவரில் தொங்கவிட்டுவிட்டான். ஏழுமலை ஆஸ்பத்திரியில் இருப்பது அவனுக்குத் தெரியாது. அவனுக்கு அது ஒரு செட் பொருள். நாற்காலி மாதிரி, பூந்தொட்டி மாதிரி. வெளியே ஒரு மளிகைக்கடைக்காரனோ ஆட்டோக்காரனோ இந்தத் தப்பைச் செய்யவே மாட்டான். நாம்தான் செய்வோம். எதைப் பார்த்தாலும் ஃப்ரேமில் எப்படி வரும் என்று மட்டும் பார்க்கப் பழகியவர்கள் நாம்.

செட்டில் சத்தம் இருக்கும்வரை பயமில்லை. திடீரென்று அமைதியானால் ஏதோ நடந்துவிட்டது என்று அர்த்தம். நான் போனை வைத்துவிட்டு உள்ளே ஓடினேன்.

தனம் விளக்கோடு அறை நடுவில் நின்றுகொண்டிருந்தாள். ஒத்திகைக்காக வந்தவள். சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அழவில்லை. யார் என்றே தெரியாதவனுக்கு மாரில் அடித்துக்கொண்டு அழுதவள், ஒரு சொட்டுக் கண்ணீர் விடவில்லை. விளக்கை மெதுவாகத் தரையில் வைத்தாள். ஸ்டூலை இழுத்துப் போட்டு ஏறினாள். மாலையைப் பிய்த்து எறிந்தாள். முந்தானையால் போட்டோவின் நெற்றியில் இருந்த குங்குமத்தைத் துடைத்தாள். போன பிறகும் துடைத்தாள். பிறகு அந்த முகத்தைப் பார்த்து, வீட்டில் பேசுகிற அதே அதட்டல் குரலில் சொன்னாள்:

"யாரக் கேட்டுக்கினு இங்க வந்து குந்திக்கினுகீற? ஆங்? வா. வூட்டுக்குப் போலாம்."

அப்போதுதான் பார்த்தேன். கேமராவில் சிவப்பு விளக்கு எரிந்துகொண்டிருந்தது. கேமராமேன் ஜெரால்டு கண்ணை எடுக்காமல் எடுத்துக்கொண்டிருந்தான்.

நான் கட் சொல்லவில்லை. ஏன் சொல்லவில்லை என்று பிறகு பலர் கேட்டார்கள். அந்தச் சொல்லை நான் சொல்லியிருந்தால், அவள் செய்துகொண்டிருந்தது நடிப்பு என்று ஆகிவிடும். நேராகப் போய் என் கையால் லென்ஸை மூடினேன். ஆனால் எல்லாம் பதிவாகிவிட்டிருந்தது.

தனம் போட்டோவை முந்தானையில் சுற்றிக்கொண்டு வாசலுக்கு வந்தாள். "குடு தனம், நான் பத்திரமா வெச்சிருக்கேன்" என்றேன்.

"உங்ககிட்ட குடுத்ததாலதானக்கா அவருக்கு இந்தக் கோலம்."

 அவள் தெருவில் இறங்கிச் சில அடி போய் நின்றாள். வீட்டுக்கு எடுத்துப் போவதா, ஆஸ்பத்திரிக்கு எடுத்துப் போவதா என்று அவளுக்கே தெரியவில்லை. மாலை விழுந்த போட்டோவை எங்கேதான் வைப்பது? கொஞ்ச நேரம் நின்றுவிட்டு, பிறகு ஒரு ஆட்டோவில் ஏறிப் போய்விட்டாள்.

உள்ளே வந்து நான் கத்தியது தெருமுனை பேக்கரிவரை கேட்டிருக்கும். கிரண் அழுதான். "மேடம், சும்னே ஒந்து போட்டோ தானே மேடம், நனக்கு கொத்தே இல்ல மேடம்" என்று, சும்மா ஒரு போட்டோதானே, எனக்குத் தெரியவே தெரியாது என்பதைக் கன்னடமும் தமிழும் கலந்து தேம்பினான். அவனை வேலையை விட்டுத் துரத்தவில்லை. நாளைக்கு என்னோடு ஆஸ்பத்திரிக்கு வந்து தனத்தின் முன்னால் நில் என்றேன். துரத்தியிருந்தால் அவனுக்கு அது சுலபமாகப் போயிருக்கும்.

ஜெரால்டு அழவில்லை. "மேடம், எவ்ளோ வேணா திட்டுங்க. ஒரு தடவ பாத்துட்டுத் திட்டுங்க" என்றான்.

பார்த்தேன். பொய் சொல்லமாட்டேன். என் படத்தில் அதற்குப் பக்கத்தில் வைக்க வேறு ஷாட் இல்லை. எவ்வளவு பயிற்சி கொடுத்தாலும் எந்த நடிகையிடமிருந்தும் அது வராது. குங்குமம் போன பிறகும் துடைத்துக்கொண்டே இருந்த அந்தக் கை. உங்களில் யாராவது அந்த இடத்தில் இருந்து, ஆசையே வரவில்லை என்று சொன்னால் நீங்கள் பொய்யர், அல்லது இந்தத் தொழிலுக்கு லாயக்கில்லாதவர்.

ஜெரால்டு அதற்குள் அதை என் போனுக்கும் தயாரிப்பாளருக்கும் அனுப்பிவிட்டிருந்தான். போன் வந்தது.

"என்னம்மா இது! ஷாட்டா இது? அவார்டும்மா, அவார்டு! படமே இதுதான்!"

"தனத்தக் கேக்காம வெக்க முடியாது."

"அவளுக்குச் சம்பளம் குடுத்தாச்சு. எதுக்குக் கேக்கணும்?"

"சம்பளம் குடுத்தது நடிப்புக்கு. அது நடிப்பு இல்ல."

"இந்த ஷாட்டு இல்லன்னா எனக்குப் படமே வேணாம். பாத்துக்கோ" என்று வைத்துவிட்டார்.

ஜெரால்டு என் பக்கத்திலேயே நின்றுகொண்டிருந்தான். "அவங்க பயம் வெறும் நம்பிக்கைதான மேடம்? போட்டோவுக்கு மாலை போட்டா ஆள் செத்துருவாரா? நாளைக்கு அவர் நல்லபடியா எந்திரிச்சிட்டா, இவங்களே இந்த ஷாட்டப் பாத்துச் சந்தோஷப்படுவாங்க."

"எந்திரிக்கலன்னா?" என்று கேட்டேன்.

 அவ்வளவுதான் கணக்கு. ஏழுமலை பிழைத்தால் அது ஒரு நல்ல ஷாட். பிழைக்காவிட்டால், தனத்தின் கணவனுக்கு மாலை விழுந்த நிமிடத்தை ஊரே டிக்கெட் வாங்கிப் பார்க்கும். நெருக்கடியில் முடிவெடுக்கும்போது நல்லபடியாக முடிந்தால் என்ன ஆகும் என்று பார்க்காதீர்கள். கெட்டுப்போனால் அது யார் தலையில் விழும் என்று பாருங்கள். உங்கள் தலையில் என்றால் துணிந்து செய்யுங்கள். மற்றவர் தலையில் என்றால் வாயை மூடிக்கொண்டு அவரைப் போய்க் கேளுங்கள்.

மறுநாள் காலை ஆஸ்பத்திரிக்குப் போனோம். கிரண் கையில் இளநீர். வார்டு வாசலில் எங்களைப் பார்த்ததும் தனம் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். உள்ளே கட்டிலில் இருந்து குரல் வந்தது.

"யாரு, டைரக்டரா? வாங்க, வாங்க. நான் செத்துட்டேனாமே?"

"சொல்லிட்டியா?" என்று தனத்தைக் கேட்டேன்.

"நான் எங்க சொன்னேன்? மூஞ்சியப் பாத்துக்கினே இருந்து, கேட்டுக் கேட்டு வாங்கிட்டாரு."

கிரண் போய் ஏழுமலையின் காலைத் தொட்டான். அவர் அவனை எழுப்பினார்.

"நீதானா அது? எந்திரிப்பா. எந்த போட்டோ, கல்யாண போட்டோவா? மீசை நல்லா வந்துச்சா?"

"வந்துச்சு சார்."

"எவ்ளோ பெருசு போட்ட?"

கிரண் இரண்டு கைகளையும் விரித்துக் காட்டினான்.

"அம்மாம் பெருசா! பாரு தனம், அந்த ஸ்டுடியோக்காரன் தம்மாத்தூண்டு சைஸ்ல குடுத்து ஏமாத்திட்டான்னு அன்னைக்கே சொன்னேன்ல?"

இருமல் வந்தது. நிற்க நேரமானது. அவர் சிரித்துக்கொண்டுதான் இருந்தார், ஆனால் ஒரு கை கட்டில் கம்பியை இறுக்கிப் பிடித்திருந்தது. வேடிக்கை பேசுகிறவனுக்குப் பயமில்லை என்று நினைக்காதீர்கள்.

தனம் என்னை ஓரமாக இழுத்தாள். "அக்கா, அவன் எடுத்தான்ல, அத அழிச்சிருங்க. நாளைக்கு ஆபரேசன். அது எங்கியும் இருக்கக் கூடாது. அது இருந்தா அந்த மாலை இன்னும் அவரு கழுத்துலதான் கீது. நான் பிச்சுப் போட்டதுக்கு அர்த்தமே இல்ல."

"அழிக்கறேன். இப்பவே."

"எத அழிக்கிறீங்க?" ஏழுமலைக்கு நுரையீரல்தான் கெட்டிருந்தது, காது கெடவில்லை. "இவ பண்ணதெல்லாம் படத்துல புடிச்சிருக்கா? நான் பாக்கணும்."

"ஒண்ணும் பாக்க வேணாம். படு."

"என் சாவ நான் பாக்காம வேற எவன்டி பாப்பான்?"

"அந்தப் பேச்சு பேசாதன்னு சொன்னேன்ல!"

பக்கத்துக் கட்டில்காரர்கள் எல்லாம் திரும்பிப் பார்த்தார்கள். தனம் என்னைப் பார்த்தாள்.  இது அவர்கள் இருவருடைய விஷயம். டைரக்டர் என்பவர் வாயை மூட வேண்டிய நேரமும் ஒன்று உண்டு. எனக்கு அது அபூர்வமாகத்தான் வாய்க்கும். கடைசியில் தனமே, "காட்டித் தொலைங்க" என்று சொல்லிவிட்டுச் சுவர்ப் பக்கம் திரும்பி நின்றுகொண்டாள்.

என் போனை அவர் கையில் கொடுத்தேன். பார்த்தார். 'யாரக் கேட்டுக்கினு இங்க வந்து குந்திக்கினுகீற' என்று வந்ததும் சிரித்தார். "இன்னொரு தபா" என்றார். மறுபடியும் சிரித்தார். மூன்றாவது தடவை பார்த்தபோது சிரிப்பு இல்லை. போனை நெஞ்சில் கவிழ்த்து வைத்துக்கொண்டு கூரையைப் பார்த்தார்.

"மேடம், இவ்ளோ வருசத்துல இவ என்னைய 'போ'ன்னுதான் சொல்லியிருக்கா. கடைக்குப் போ, வேலைக்குப் போ, அப்பால போ. 'வா'ன்னு இன்னைக்குத்தான் கேக்கறேன்."

சுவர்ப் பக்கம் திரும்பியிருந்தவளின் முதுகு அசையவே இல்லை.

"அழிக்காதீங்க" என்றார். "ஆனா சினிமாவுக்கும் வேணாம். அங்க எவன் எவனோ பாப்பான். இது எனக்கு. எனக்குன்னு சொன்னது. என் போன்ல போட்டுக் குடுங்க. உள்ள இட்டுக்கினு போறதுக்கு முன்னாடி ஒரு தபா பாத்துக்கறேன்."

"தனம்?" என்று கேட்டேன்.

திரும்பாமலே சொன்னாள். "அவருகிட்ட இருந்தா இருந்துட்டுப் போவட்டும். வேற எவன்கிட்டயும் இருக்கக் கூடாது."

கிரண்தான் அவருடைய பழைய போனில் ஏற்றிக் கொடுத்தான். நான் அங்கேயே நின்று என் போனில் இருந்ததை அழித்தேன். பிறகு செட்டுக்குப் போய், கேமரா கார்டிலும் ஜெரால்டின் போனிலும் இருந்ததை என் கண்முன்னால் அவனை வைத்தே அழிக்கச் செய்தேன். தயாரிப்பாளரிடம் நேரில் போய் உட்கார்ந்து, அவர் போனிலும் அழிக்கும்வரை எழுந்திருக்கவில்லை. அவர் என்னை என்னென்னவோ சொன்னார். எனக்கும் சொல்லத் தெரியும். படத்தை நிறுத்துகிறேன் என்றவர், பாதிக்குமேல் எடுத்தாயிற்றே என்று நிறுத்தவில்லை. ஆனால் அதோடு எனக்கு அடுத்த படம் என்று ஒன்று இல்லாமல் போனது. திரும்ப ஆள் பிடிக்கும் வேலைக்கே வந்தேன். அதில் எனக்கு வருத்தம் இல்லை என்று சொன்னால் அதுவும் பொய்.

ஆபரேஷன் அன்று படப்பிடிப்பு வைக்கவில்லை. நானும் கிரணும் வராந்தாவில் உட்கார்ந்திருந்தோம். தனம் உட்காரவில்லை.  டாக்டர் வெளியே வந்து, தாங்கிவிட்டார், பழைய மாதிரி ஆகமாட்டார், ஆனால் வீட்டுக்குப் போவார் என்று சொன்னபோதுதான் அவள் அழுதாள். அல்சூர் சந்தில் அழுததை எல்லாம் மிஞ்சிவிட்ட அழுகை. அது எதிலும் பதிவாகவில்லை.

காட்சி இன்னும் பாக்கி இருந்தது. போட்டோவுக்கு முகமும் பாக்கி இருந்தது. நான் ஜெரால்டைக் கூப்பிட்டேன்.

"உன் போட்டோ ஒண்ணு குடு."

அவன் முகம் வெளுத்துவிட்டது. "மேடம், எங்க மம்மி பாத்தா அங்கேயே விழுந்துருவாங்க மேடம்."

"வெறும் நம்பிக்கைதானேடா?"

 பிறகு வீட்டுக்குப் போய் அம்மாவிடமே கேட்டுவிட்டு, ஒரு போட்டோவோடு வந்தான். அந்த அம்மா சம்மதிக்க என்ன சொன்னான் என்று எனக்குத் தெரியாது. நான் கேட்கவில்லை. அவனே கேமராவுக்குப் பின்னால் நின்று, மாலை போட்ட தன் முகத்தைத் தானே படம் எடுத்தான். ஷாட் முடிந்ததும் ஓடிவந்து மாலையைக் கழற்றினான். அதன்பிறகு எந்தப் படத்திலும், கேட்காமல் ஒருவர் மேல் அவன் கேமராவைத் திருப்பியதாக நான் கேள்விப்படவில்லை.

அந்தக் காட்சியில் தனம் சுமாராகத்தான் நடித்தாள். ஜெரால்டின் முகத்தைப் பார்த்து அவளுக்குச் சிரிப்பு வேறு வந்தது. படம் பார்த்தவர்கள், எல்லாம் சரி, அந்தப் போட்டோ காட்சி மட்டும் எடுபடவில்லையே என்றார்கள். ஆமாம், எடுபடவில்லை. படத்தில் பலவீனமான இடம் அதுதான். இதைவிட நன்றாக ஒன்று இருந்தது என்று நான் யாரிடமும் வாய் திறக்கவில்லை.

அந்தக் காட்சி எடுத்த மறுநாள் காலை தனத்திடமிருந்து போன் வந்தது. ஆஸ்பத்திரியில் இருந்துதான் பேசினாள். நான் பயந்துகொண்டே எடுத்தேன்.

"அக்கா, இந்த மனுசன் பண்றது தாங்கல. வார்டுல இருக்கறவங்க எல்லாருக்கும் அதப் போட்டுக் காட்டிக்கினு இருக்காரு. நர்ஸம்மாவக் கூப்ட்டுக் காட்டறாரு. நெஞ்சுல குழாய் வெச்சுப் பாக்க வந்த டாக்டரையும் விடல. கூட்டறவங்க, தொடைக்கறவங்க ஒருத்தர் பாக்கியில்ல. 'பாருங்க, போட்டோவக் கூட எப்பிடித் திட்டறா பாருங்க'ன்னு ஒரே பெரும. என் மானம் போவுது. அவரு தூங்கும்போது அந்த போன எடுத்து வெச்சிருக்கேன். அத எப்பிடி அழிக்கறதுன்னு மட்டும் சொல்லுங்க, சீக்கிரம்."

பின்னால் ஏழுமலையின் குரல் கேட்டது. "தனம்! என் போன் எங்கடி?"

"எனக்கு இந்த போன் சமாச்சாரமெல்லாம் ஒண்ணுமே தெரியாது, தனம்" என்று சொல்லிவிட்டு வைத்துவிட்டேன்.